பின்னால் கைகட்டி நின்றவள்

அவளை எனக்குப் பிடிக்காது. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இதை நான் வலது கையால் எழுதுகிறேன், அந்தக் கை எனக்குத் திரும்ப வந்ததே அவளால்தான் என்பதெல்லாம் உண்மை. அதற்காகக் கடைசியில் நான் உருகிப்போய் "தெய்வமே" என்று கும்பிடப்போகிறேன் என்று யாராவது நினைத்தால், இப்போதே மூடி வைத்துவிடலாம்.

அவளை நினைத்தால் முகம் வருவதில்லை. முதுகுக்குப் பின்னால் கட்டிய இரண்டு கைகள்தான் வருகின்றன. எங்கள் வீட்டு முன்னறையில், தையல் மெஷினுக்கும் ஜன்னலுக்கும் நடுவே, சோதனைக்கு வந்த அதிகாரி மாதிரி அப்படித்தான் நிற்பாள். என் தட்டு கீழே விழும், குனிய மாட்டாள். தண்ணீர் என் மடியில் கொட்டும், துண்டு எடுத்துத் தர மாட்டாள். ஒருமுறை நாற்காலியிலிருந்து நானே சரிந்தேன். தன் முழங்காலை முன்னால் கொடுத்து நான் குப்புற விழாமல் தாங்கினாள். கைகள் மட்டும் பின்னாலேயே இருந்தன. "வலது கைய ஊனி எந்திரிங்க அக்கா" என்றாள். என் வீட்டுக்காரர் ஓடி வந்தார். அவரையும் கிட்டே விடவில்லை. நான் எழுந்திருக்கக் கால் மணி நேரம் ஆனது.

அவளுக்கு அப்போது இருபத்தேழு வயது இருக்கும். கல்வராயன் மலையில், வெள்ளிமலைக்கு அந்தப் பக்கம் ஒரு சின்ன ஊர். சேலத்தில் பிசியோதெரபி படித்துவிட்டு, கள்ளக்குறிச்சியில் காலையில் ஒரு கிளினிக்கிலும் சாயங்காலம் வீடு வீடாகவும் வேலை பார்த்தாள். மலையிலிருந்து எங்கள் ஊர்க் கடைகளுக்குக் கடுக்காய் வரும், தேன் வரும், புளி வரும். எங்களை உட்கார், எழுந்திரு என்று ஆட்டி வைக்க ஒருத்தி வருவாள் என்று யாரும் நினைத்திருக்கவில்லை. அவள் எதிரில் இல்லாதபோது நான் அவளை 'மலைக்காரி' என்றுதான் சொல்வேன். அதைச் சொல்லும்போது வாய்க்கு ருசியாகத்தான் இருந்தது. மறைப்பானேன்?

எனக்கு நாற்பத்துமூன்று. பிறந்தது களமருதூரில், நெல் போடுகிற வீட்டில். வாழ்க்கைப்பட்டது கள்ளக்குறிச்சியில். ஜாக்கெட் தைப்பேன். ஊர் மாவட்டமாகி, கலெக்டர் ஆபீஸ் வந்து, வேலைக்குப் போகிற பெண்கள் பெருகி, எனக்கு மூச்சு விட நேரமில்லாமல் இருந்த சமயம். சாக்பீஸால் கோடு போடாமலே துணியை வெட்டுவேன். அந்தத் திமிர் எனக்கு நிறையவே உண்டு. ஒரு நாள் காலையில் பச்சைப் பட்டில் ஒரு கல்யாண ஜாக்கெட்டை வெட்டிக்கொண்டிருந்தபோது கத்திரிக்கோல் நழுவி விழுந்தது. எடுக்கலாம் என்று பார்த்தால் கை வரவில்லை. கை இருக்கிறது, தொங்குகிறது, ஆனால் நான் சொல்வதைக் கேட்கவில்லை. வாயும் கோணிக்கொண்டதாம். வீட்டில் பித்தம் என்று எலுமிச்சம்பழம் பிழிந்து கொடுத்துப் படுக்க வைத்தார்கள். ஆஸ்பத்திரிக்குப் போனபோது பாதி நாள் போய்விட்டது.

பன்னிரண்டு நாள் கழித்து வீட்டுக்கு வந்தேன். பேச்சு வந்துவிட்டது. காலை இழுத்து இழுத்து நடக்கவும் வந்துவிட்டது. கை மட்டும் மடியில் கிடந்தது. என் மாமியாரை நான் அத்தை என்றுதான் கூப்பிடுவேன். நல்ல மனுஷி, அதுதான் வம்பாகிப்போனது. "நீ அசையாத இரு கண்ணு, நான் எதுக்கு இருக்கறேன்?" என்று சொல்லித் தலை வாரிவிட்டார், புடவை கட்டிவிட்டார், மூன்று வேளையும் சோறு பிசைந்து ஊட்டினார். இடது கையால் சாப்பிடுவது எங்கள் வீட்டில் நினைத்துப் பார்க்க முடியாத காரியம். தன் வலது கை இல்லையென்றால் இன்னொருவருடைய வலது கை, எங்களுக்குத் தெரிந்தது அவ்வளவுதான். புறா ரத்தம் தேய்ப்பவர் ஒருவர் வந்து மூன்று வாரம் தேய்த்துவிட்டுப் போனார். பார்க்க வந்தவர்கள் எல்லாரும் ஹார்லிக்ஸ் பாட்டிலை வைத்துவிட்டு, என் கையைத் தூக்கிப் பார்த்து, பாவம் என்று சொல்லிக் கீழே வைத்தார்கள். இப்படி ஆறு வாரம். அந்த ஆறு வாரமும் நான் ராணிதான்.

அந்த நேரத்தில்தான் பக்கத்து வீட்டு நர்ஸ் சொல்லி அவள் வந்தாள். மணி நாலு. அத்தை எனக்கு உப்புமா ஊட்டிக்கொண்டிருந்தார். அவள் வாசலிலேயே நின்று கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"தெனமும் யாருங்க ஊட்டறது?"

"நான்தான். வேற யாரு ஊட்டுவா?" என்றார் அத்தை. குரலில் பெருமை.

"அப்ப உங்க கைதாங்க நல்லா ஆவும். இவங்க கை ஆவாது."

உப்புமா உருண்டை அத்தையின் விரலிலேயே நின்றுவிட்டது. வீட்டுக்குள் காலை வைத்து அரை நிமிஷம் ஆகவில்லை, பெரியவர்களிடம் பேசுகிற பேச்சைப் பார் என்று எனக்கு எரிந்தது. அவள் என் பக்கத்தில் உட்கார்ந்து விரல்களை ஒவ்வொன்றாக அசைக்கச் சொன்னாள். நடுவிரல் நுனி இம்மியளவு அசைந்தது. அதைப் பார்த்ததும் எழுந்து, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டாள். அன்றைக்குக் கட்டியவள்தான்.

"அக்காவுக்கு அம்மா வூடு எந்த ஊரு?"

"களமருதூரு."

"நெலம் உண்டா? ஒரு துண்ட ஒழாம போட்டு வச்சா பக்கத்து நெலத்துக்காரன் இன்னா பண்ணுவான்?"

"வரப்ப நவுத்துவான்" என்றேன். என் அப்பா ஆயுசு முழுக்கச் சண்டை போட்டதே அதற்குத்தான்.

"மண்டையும் அப்பிடித்தாங்க. வலது கையப் பாத்துக்கினு இருந்த எடம் கொஞ்சம் செத்துடிச்சி. அது திரும்பாது. சுத்தி இருக்கற எடத்த அந்த வேலைக்கிப் பழக்கலாம். ஆனா கை சும்மாவே கெடந்தா, இது யாருக்கும் வேணாத எடம்போலன்னு பக்கத்துல இருக்கறதுங்க வரப்ப நவுத்திக்கினே வந்துடும். ஆறு வாரமா நவுத்திக்கினு இருக்குது. இப்ப மண்ணு ஈரமா இருக்குது. காய வுட்டுட்டீங்கன்னா அப்பறம் கடப்பாறைதான்."

சொல்லிவிட்டு அறையைச் சுற்றிப் பார்த்தாள். மெஷின் மேல் அந்தப் பச்சைப் பட்டுத் துண்டுகள் வெட்டியது வெட்டியபடி கிடந்தன. அந்தக் கல்யாணம் முடிந்துவிட்டது. அவர்கள் வேறு துணி எடுத்து வேறு இடத்தில் தைத்துக்கொண்டார்கள். அதைத் தூக்கிப் போட எனக்கு மனசு வரவில்லை. அந்த ஜாக்கெட்டின் ஒரு கையை மட்டும் முதல் நாளே வெட்டி மூட்டி வைத்திருந்தேன். அவள் அதை எடுத்து, ஒரு முனையில் முடிச்சுப் போட்டு, பை மாதிரி ஆக்கி, என் இடது கையில் மாட்டி மணிக்கட்டில் நாடாவால் கட்டினாள்.

"காலையில மூணு மணி நேரம், சாயங்காலம் மூணு மணி நேரம். நடக்கறப்ப, குளிக்கறப்ப, பாத்ரூம் போறப்ப மட்டும் அவுக்கலாம். சாப்பாடு வலது கையாலதான். யாரும் ஊட்டக் கூடாது."

நல்ல கையைக் கட்டிப்போட்டு, கெட்ட கையால் சாப்பிடு என்கிறாள். என் கையால் நானே தைத்த பட்டுத் துணியால். அன்று ராத்திரி அத்தையும் நானும் அவளைத் திட்டிய திட்டில் மலையே கொஞ்சம் ஆடியிருக்கும்.

மறுநாள் மத்தியானம் நான் சாப்பிடுகிற நேரத்துக்கு வந்து நின்றாள். முதல் வாரம் தினமும் அப்படி வந்தாள். தட்டில் சோறும் சாம்பாரும். கை தட்டுக்குப் போகவே பத்து நிமிஷம். போனாலும் விரல் குவியாது. மூடினால் பிரியாது. பருக்கைகள் மணிக்கட்டுக்கும் முழங்கைக்கும் போயின, புடவைக்குப் போயின, வாய்க்கு மட்டும் வரவில்லை. அந்த நேரம் பார்த்து ஒரு வாடிக்கைக்காரப் பெண் அளவு ஜாக்கெட்டைத் திருப்பி வாங்கிப்போக வந்தாள். வாசலில் நின்று என்னைப் பார்த்தாள். சாம்பார் வழிகிற முழங்கையும், மோவாயில் பருக்கையும், இன்னொரு கையில் பட்டுப் பையுமாக நான். "அப்பறமா வர்றேங்க்கா" என்று திரும்பிப் போய்விட்டாள். நான் தட்டைத் தள்ளிவிட்டேன்.

"உன் கை வெளங்காமப் பூடும்டி" என்றேன். தையல்காரி வாயிலிருந்து அதைவிடப் பெரிய சாபம் வராது.

அவள் முகம் மாறவில்லை. "திட்டறதையும் மண்ட கத்துக்கும் அக்கா. அது நல்லது கெட்டது பாக்காது. எத்தினி தடவ செஞ்சீங்கன்னுதான் பாக்கும். தட்டுல இன்னம் சோறு இருக்குது, எடுங்க."

அத்தை அடுப்படியில் உட்கார்ந்து சத்தமாகவே அழுதார். ஷேர் ஆட்டோ ஓட்டுகிற என் வீட்டுக்காரர் அம்மா பக்கமும் போக முடியாமல் அவள் பக்கமும் போக முடியாமல் வண்டியைத் துடைக்கப் போய்விட்டார். அன்று எனக்குக் கிடைத்தது நாலு பருக்கை. அவள் எண்ணிச் சொன்னதால் தெரியும்.

காபி விஷயத்தையும் சொல்லிவிட வேண்டும். எங்கள் வீட்டில் எல்லாருக்கும் எவர்சில்வர் டம்ளர். அவளுக்கு மட்டும் அத்தை காகிதக் கப்பில் கொடுத்தார். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன், ஒன்றும் சொல்லவில்லை. மனசுக்குள் சரிதான் என்றுகூட இருந்தது. அவள் கப்பைப் பார்த்தாள், அத்தையைப் பார்த்தாள், பிறகு என் முன்னால் வைத்தாள். "இதப் பிடிங்க அக்கா. நசுங்காம பிடிக்கணும். டம்ளருன்னா எப்பிடிப் பிடிச்சாலும் தாங்கும். இதுக்குத்தான் அளவு வேணும். நல்ல சாமானா குடுத்தீங்க." பிடித்தேன். கப் நசுங்கிக் காபி முழுக்க மேஜையில் ஓடியது. நல்லவேளை, ஆறிப்போயிருந்தது. மறுநாள் அத்தை அவளுக்கு டம்ளரில் கொடுத்தார். அதை அவள் குடித்தாள் என்று எழுத ஆசைதான். குடிக்கவில்லை. காகிதக் கப்பைக் கேட்டு வாங்கி என் முன்னால் வைத்தாள்.

மூன்றாவது வாரம் கட்டை விரல் கொஞ்சம் வெளியே பிரிந்தது. பொத்தானைப் பிடித்து டப்பாவில் போட முடிந்தது. அதற்குள் நானும் அத்தையும் ஒரு ஏற்பாட்டுக்கு வந்திருந்தோம். அவள் சாப்பாட்டு நேரத்துக்கு வருவதை நிறுத்தி, நாலு மணிக்கு மட்டும் வர ஆரம்பித்திருந்தாள். மத்தியானம் பட்டுப் பையைக் கழற்றி வைத்துவிடுவோம். அத்தை பழையபடி பிசைந்து ஊட்டுவார். மூன்றரைக்குப் பையைத் திரும்ப மாட்டிக்கொள்வேன். குழந்தைக்கு நிலாச்சோறு ஊட்டுவது மாதிரி இரண்டு பேரும் சிரித்துக்கொண்டே செய்தோம். அத்தைக்கும் எனக்கும் அவ்வளவு ஒட்டுதல் அதற்கு முன்னால் இருந்ததில்லை.

ஒன்பது நாள் ஓடியது. பத்தாவது நாள் அவள் என் வலது கையைத் திருப்பி நகங்களைப் பார்த்தாள். சுத்தமாக இருந்தன. அத்தை கொண்டுவந்த தண்ணீர்ச் சொம்பை வாங்கும்போது அத்தையின் நகங்களைப் பார்த்தாள். சாம்பார் மஞ்சள் ஏறியிருந்தது. "சரிங்க" என்றாள். தன் தோள்பையை எடுத்துக்கொண்டு ஸ்கூட்டியைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டாள். மறுநாள் நாலு மணிக்கு வரவில்லை. அதற்கு மறுநாளும் வரவில்லை.

தொலைந்தது சனி என்றுதான் முதலில் நினைத்தேன். ஐந்தாம் நாள் பொத்தானை எடுக்கப் போனபோது விரல் பிரியவில்லை. கட்டை விரல் திரும்ப உள்ளங்கைக்குள் போய்ப் படுத்துக்கொண்டிருந்தது. அத்தைதான் அதை முதலில் கவனித்தார். அதைப் பிரித்துப் பார்த்தார், விட்டதும் அது மடங்கிக்கொண்டது. தன் விரல்களைப் புடவையில் துடைத்துக்கொண்டார். பிறகு, "நான்தான்டி கெடுத்துட்டேன். போயி அந்தப் பொண்ணக் கூட்டிக்கினு வந்துடு" என்றார். போன் போட்டால் தொடர்பு எல்லைக்கு வெளியே என்றது. அவள் ஊருக்குப் போயிருக்கிறாள், மலையில் டவர் கிடைக்காது என்று நர்ஸ் சொல்லி, வீட்டுக்கு வழியும் சொன்னார்.

வீட்டுக்காரரோடு பஸ் ஏறினேன். கச்சிராயபாளையம் தாண்டி மலை ஏறியதும் ஒவ்வொரு வளைவிலும் வலது கை கம்பியை விட்டு நழுவியது. இறங்கி அவள் ஊருக்கு நடந்த கொஞ்ச தூரமே எனக்குப் பெரும்பாடு. வழி முழுக்க ஒரே வாக்கியத்தைச் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன்: தப்பு எங்க பேர்லதான், வாங்க. எனக்கு வந்திருந்தது கையை நினைத்த பயம். இனி கத்திரிக்கோலைத் தொடவே மாட்டோமோ என்ற பயம். அவள் காலில் விழச் சொன்னாலும் விழுந்திருப்பேன்.

தகரக் கூரை போட்ட வீடு. கதவு திறந்திருந்தது. கயிற்றுக் கட்டிலில் உயரமான ஒரு ஆள் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். அவருடைய வலது கை மடங்கி மார்போடு ஒட்டியிருந்தது. நகம் உள்ளங்கையைக் குத்தாமல் இருக்க விரல்களுக்குள் துணியைச் சுருட்டி வைத்திருந்தார்கள். எதிரில் அவள் உட்கார்ந்து, சாமைச் சோற்றை ரசத்தில் குழைத்து, உருண்டை உருண்டையாக அவருக்கு ஊட்டிக்கொண்டிருந்தாள்.

அவள் கைகளை முன்பக்கமாக நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. எவ்வளவு பதமாக ஊட்டினாள் தெரியுமா? ஒவ்வொரு வாய்க்கும் காத்திருந்து, உதட்டோரத்தைத் துடைத்து. நாலு பருக்கைக்கு நான் அல்லாடிய நாள் அப்படியே மேலே வந்தது. வழியெல்லாம் சொல்லிப் பார்த்த வாக்கியம் எங்கே போனதென்று தெரியவில்லை.

"எங்க அத்த ஊட்டுனா கை போயிடும். நீ ஊட்டுனா மட்டும் வளருமா?" என்றேன்.

அவள் திரும்பிப் பார்த்தாள். எழுந்திருக்கவில்லை. "வளராதுங்க அக்கா. உக்காருங்க. அப்பாவுக்கு சொரம், அதான் வர முடியல."

"உங்கப்பாவுக்கு ஒரு நாயம், எனக்கு ஒரு நாயமா?"

"பன்னெண்டு வருஷம் ஆயிடிச்சிங்க. நான் பத்தாவது படிச்சிக்கினு இருந்தேன். அசையாம இருந்தா செரியாப் பூடும்னு எல்லாரும் சொன்னாங்க. மூணு வேளையும் நான்தான் ஊட்டுனேன். ஊட்டாதன்னு சொல்றதுக்கு அப்ப ஆளு இல்ல."

இந்த இடத்தில் வேறு யாராக இருந்தாலும் வாயை மூடியிருப்பார்கள். எனக்கு அந்த நாக்கு இல்லை.

"அப்ப உங்கப்பன் கைய முடமாக்கனது நீதான்னு சொல்லு" என்றேன்.

அவருக்குப் பேச்சுதான் போயிருந்தது, காது போகவில்லை. என்னைப் பார்த்தார். பிறகு மகளைப் பார்த்தார். அவள் அடுத்த உருண்டையை அவர் வாய்க்கு அருகில் கொண்டுபோனாள். அவர் வாயை மூடிக்கொண்டார்.

"அப்பா" என்றாள். திறக்கவில்லை. "ஒரே ஒரு வாய்ப்பா. மாத்திர போடணும்." இடது கையால் தட்டை மெல்லத் தள்ளினார். அவள் உருண்டையைப் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்திருந்தாள். என் வீட்டுக்காரர் என் தோளைப் பிடித்து வெளியே இழுத்தார். வாசலைத் தாண்டித் திரும்பிப் பார்த்தபோதும் அவள் கை அவர் வாய்க்குப் பக்கத்திலேயே இருந்தது. "அதெல்லாம் ஒரு வாயா?" என்றார் வீட்டுக்காரர். பஸ்ஸில் எனக்கு முன்னால் வேறு சீட்டில் போய் உட்கார்ந்துகொண்டார்.

மறுநாள் நாலு மணிக்கு ஸ்கூட்டிச் சத்தம் கேட்டது.

வருவாள் என்று நான் நினைக்கவில்லை. வந்தாள். கட்டை விரலைப் பிரித்துப் பார்த்தாள். "உள்ள போயிடிச்சி. மொதல்லேர்ந்து ஆரம்பிக்கணும்" என்றாள். பட்டுப் பையை மாட்டினாள், கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டாள். மலை வீட்டைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. நானும் கேட்கவில்லை. அன்றைக்கு அவர் அப்புறம் சாப்பிட்டாரா? இந்த நாலு வார்த்தையைக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. அதற்கப்புறம் நாலு மாதம் வந்தாள், ஞாயிறு தவிர தினமும். ஒவ்வொரு நாளும் இன்றைக்குக் கேட்டுவிடலாம் என்று நினைப்பேன். அவள் உள்ளே வந்ததும் எரிச்சல்தான் வரும். நாம் தப்புச் செய்த ஆளை தினமும் நேருக்கு நேர் பார்ப்பதைப் போன்ற தொல்லை வேறு இல்லை. மூன்றே முக்காலுக்கே வயிறு இறுகும், நாக்கு கசக்கும். அவள் நடை, அவள் பை, "எடுங்க அக்கா" என்ற அந்தக் குரல், எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக வெறுத்தேன். கேட்பதைவிட அது சுலபமாக இருந்தது.

ஆனால் ஏமாற்றவில்லை. அத்தை ஊட்ட வரவும் இல்லை. நான் சாப்பிடும்போது அவர் கொல்லைப் பக்கம் போய்விடுவார். பருக்கை பிடியானது, பிடி உருண்டையானது. ஒரு நாள் காகிதக் கப் நசுங்காமல் வாய்வரை வந்தது. ஜாக்கெட் கொக்கியை வளையத்தில் மாட்ட இரண்டு மாதம் பிடித்தது. பிறகு பேப்பரை வெட்டினேன், பிறகு பழைய வேட்டியை வெட்டினேன். இப்போதும் கோடு போடாமல் வெட்ட வராது. கோடு போட்டு, மெதுவாக, வெட்டுவேன்.

கடைசி வாரம் தனக்கென்று ஒரு நீலக் காட்டன் துணி கொண்டுவந்தாள். "எனக்கு ஒரு ஜாக்கெட் தெச்சிக் குடுங்க அக்கா." நான் வெட்டித் தைத்து முடிக்கும்வரை மூன்று சாயங்காலம் பின்னால் கைகட்டி நின்று பார்த்தாள். ஜாக்கெட்டின் வலது கை அரை அங்குலம் தூக்கலாக வந்துவிட்டது. பிரித்துத் தைத்திருக்கலாம். அது என் கையின் குறை என்று அவள் நினைத்துக்கொள்ளட்டும் என்று அப்படியே கொடுத்தேன். அவள் பிரித்துப் பார்த்து, அந்தக் கை மேல் விரலை ஓட்டினாள். "நல்லா ஆயிடிச்சி" என்றாள். ஜாக்கெட்டைச் சொன்னாளா, என் கையைச் சொன்னாளா தெரியவில்லை. கல்யாணமாகி சேலம் பக்கம் போய்விட்டதாகப் பிறகு நர்ஸ் சொன்னார்.

போன மாதம் சின்னசேலம் ஸ்டேஷனில் பார்த்தேன். சேலம் போகிற ரயிலுக்காக நின்றுகொண்டிருந்தாள். அதே நீல ஜாக்கெட், வெளுத்து, வலது கை தூக்கலாக. பக்கத்தில் ஒரு சின்னப் பெண்குழந்தை தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திறக்க முடியாமல் சிணுங்கிக்கொண்டிருந்தது. அவள் கைகள் பின்னால் இருந்தன. நிமிர்ந்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. துணி மூட்டையைத் தூக்கியிருந்த என் வலது கையைப் பார்த்தாள். நன்றாகப் பார்த்துவிட்டு, அதற்கு மட்டும் ஒரு தரம் தலையாட்டினாள்.

பத்தடி தூரம். போய்க் கேட்டிருக்கலாம். என் முகம் தானாக அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டது. நான் திருப்பவில்லை, சத்தியமாக. வயிறு இறுகியது, நாக்கு கசந்தது. ஸ்டேஷன் கடிகாரத்தைப் பார்த்தேன், மணி பதினொன்றுதான் ஆகியிருந்தது. கையைப் பழக்கிய நாலு மாதமும் நான் இன்னொன்றையும் பழக்கியிருக்கிறேன், அதுவும் நன்றாகவே படிந்துவிட்டது. நான் திரும்பியபோது ரயில் நகர்ந்துகொண்டிருந்தது.

நர்ஸிடம் நம்பர் வாங்கி வைத்திருக்கிறேன். இப்போது தினமும் நாலு மணிக்கு மெஷினை நிறுத்திவிட்டு போனை எடுக்கிறேன். வலது கையால்தான். அவள் எடுத்தால் நலம் விசாரிக்கப் போவதில்லை. அவளை எனக்குப் பிடிக்காது. அன்றைக்கு உங்கப்பா அப்புறம் சாப்பிட்டாரா என்று கேட்க வேண்டும், அவ்வளவுதான். முதல் வாரம் நம்பரைப் பார்த்துவிட்டு போனைக் கீழே வைத்தேன். அடுத்த வாரம் அழுத்தினேன், மணி அடிப்பதற்குள் துண்டித்தேன். அதற்கப்புறம் ஒரே ஒரு தரம் மணி அடிக்க விட்டேன். நேற்று மூன்று தரம் மணி அடிக்கும்வரை காதில் வைத்திருந்தேன்.